முன்தேதியிட்டு மறந்த கணக்கு

கணக்கு டீச்சரின் நியமனம் ரத்தான செவ்வாய்க்கிழமை, காலை பதினொன்றேகால் மணிக்கு, ஊரில் தொள்ளாயிரத்துப் பன்னிரண்டு பேருக்குக் கணக்கு மறந்துபோனது. எல்லோரும் அரசுத் தொடக்கப்பள்ளியில் அவரிடம் படித்தவர்கள். பதினெட்டு ஆண்டுகளுக்கு முன் அவருடைய நியமன ஆணையில் கையெழுத்திட்ட அதிகாரி அன்றைக்கு விடுப்பில் இருந்தார் என்பதை யாரோ தோண்டி எடுத்துவிட்டார்கள். ஆகவே நியமனம் தொடக்கம் முதலே செல்லாது, டீச்சர் ஒரு நாள்கூடப் பணிபுரிந்ததாகக் கருத முடியாது என்று கல்வி அலுவலகம் எழுதியது. பணிபுரியாதவர் சொல்லிக்கொடுத்த பாடம் மட்டும் எப்படி நிற்கும்? போய்விட்டது. கொத்தனார் ஒருவர் கட்டிய படிக்கட்டு மாடியைத் தாண்டி இரண்டு படி மேலே போனது. டீச்சரின் கணவர் வைத்திருந்த தையற்கடையில் ஒரு சட்டைக்கு மூன்று கை வைத்துவிட்டார்கள். வாங்கிப்போனவர் குறை சொல்லவில்லை; அவரும் டீச்சரிடம் படித்தவர்தான்.

டீச்சர் எட்டரை மணிக்குக் கைப்பையை எடுத்து மாட்டுவார், பிறகு நினைவு வந்து ஆணியில் தொங்கவிடுவார். வாசலில் ஆட்கள் வந்து நின்றார்கள். "டீச்சர், என் பொண்ணுக்கு என்ன வயசுன்னு கொஞ்சம் பாத்துச் சொல்லுங்களேன்," என்றாள் ஒரு தாய். அவர்களை உட்காரவைத்து ஒன்று இரண்டிலிருந்து சொல்லிக்கொடுத்துப் பார்த்தார். ஆணை இல்லாத வாயிலிருந்து வந்த எண் எதுவும் காதில் தங்கவில்லை. செருப்பை மாட்டுவதற்குள் உதிர்ந்துபோனது. ரத்து ஆணையைப் படித்தபோது கலங்காதவர் அன்று அடுப்படியில் நின்று அழுதார். மறுநாளே வழக்குப் போட்டார்.

வழக்கறிஞர் அவருடைய கொழுந்தன்தான். ஊரில் அவருக்கு வாய்தா வக்கீல் என்று பெயர். "கவலைப்படாதீங்க அண்ணி, கேஸ் எங்க போயிடப்போகுது?" என்றார். "எங்கயும் போகலையேன்னுதான் தம்பி கவலை," என்றார் டீச்சர். இரண்டாம் ஆண்டில் ரத்து ஆணைக்கு மூன்று வார இடைக்காலத் தடை கிடைத்தது. உடனே எல்லோருக்கும் கணக்கு திரும்பியது. கொத்தனார் அவசர அவசரமாக அந்த இரண்டு படியை இடித்தார்; ஊரே பிள்ளைகளின் வயதைச் சுவரில் எழுதிவைத்தது. நான்காம் வாரம் கொழுந்தன் ஒரு வாய்தா கேட்டார், தடை காலாவதியானது, சுவரில் எழுதியது என்னவென்று யாருக்கும் விளங்கவில்லை.

நான்காம் ஆண்டு பொறுமையிழந்த நீதிபதி, முப்பது நாளுக்குள் பதில் தாக்கல் செய்யும்படி கல்வி அலுவலகத்துக்கு உத்தரவிட்டார். அங்கே தேதிகளைக் கவனிக்கும் எழுத்தர் ஐம்பத்து மூன்றாம் நாள் கட்டுக் காகிதத்தோடு நிமிர்ந்த நடையில் வந்து சேர்ந்தார்.

"கெடு எப்பவோ முடிஞ்சுபோச்சேப்பா?" என்றார் நீதிபதி.

"பத்துவரைக்கும் அம்மா சொல்லிக்கொடுத்ததுங்க ஐயா, அது இருக்கு. அதுக்கு மேல டீச்சர் சொல்லிக்கொடுத்தது. அது போயிடுச்சு."

"எந்த டீச்சர்?"

எழுத்தர் திரும்பி டீச்சரைப் பார்த்ததும் பழக்கதோஷத்தில் கையைக் கட்டிக்கொண்டார். "இவங்கதாங்க. அஞ்சு வருஷம் இவங்ககிட்டதான் படிச்சேன்."

"இவங்க ஒரு நாள்கூட வேலை பார்க்கலைன்னு உங்க ஆபீஸ்தானே எழுதியிருக்கு?"

அரசு வழக்கறிஞர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்; துடைத்துக்கொண்டே இருந்தார். சொல்லிக்கொடுக்காததை யாரும் மறக்க முடியாது என்று நீதிபதி எழுதினார். நியமனம் செல்லும், வழக்கு நடந்த நான்கு ஆண்டுகளும் டீச்சர் பணிபுரிந்த காலமாகவே கருதப்படும்.

தீர்ப்பை வாசித்து முடித்தபோது மணி மூன்றே முக்கால். தொள்ளாயிரத்துப் பன்னிரண்டு பேருக்கும் கணக்கு திரும்பியது. அதோடு, அந்த நான்கு ஆண்டுகளும் டீச்சர் இடம் காலியாகக் கிடந்ததால் கணக்கு நேரத்தில் விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகளும் திடீரென்று பின்னம் வரை போட ஆரம்பித்தார்கள். டீச்சருக்கும் அவர்கள் ஒவ்வொருவரின் கையெழுத்தும், கடைசி பெஞ்சில் யார் தூங்கினார்கள் என்பதும் நினைவிருந்தது. நான்கு ஆண்டுக் கத்தல் ஒரே மாலையில் வந்து தொண்டையில் உட்கார்ந்துகொண்டது. கணவர் வெந்நீரில் உப்புப் போட்டுக் கொண்டுவந்து, "கொஞ்சம் மெதுவா சொல்லிக்கொடுத்திருக்கலாம்ல?" என்றார். டீச்சர் கொப்பளித்துத் துப்பிவிட்டு, பேச முடியாமல், இதுகள் எங்கே மெதுவாகச் சொன்னால் கேட்கின்றன என்று கையை விரித்தார்.