இரண்டாம் பாகத்துக்கு ஒரு சாட்சி

பேய்ப்படத்தின் இரண்டாம் பாகம் எடுக்கப்போகிறோம், நீங்கள் வர வேண்டும் என்று போன் வந்தபோது, பறக்கிற காட்சிக்குக் கயிறு இழுக்கத்தான் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்தேன். என் முட்டி இரண்டும் போய் மூன்று வருஷமாகிறது. "வேற ஆளைப் பாரும்மா" என்றேன். போனில் பேசியவள் படத்துக்கு விளம்பரம் பார்க்கிறவளாம். விடவில்லை.

"கயிறு வேணாம் பெரியவரே. வந்து உக்காந்து பேசினாப் போதும். சாபத்தைப் பத்தி."

சினிமாக்காரர்கள் நாற்காலி போட்டு உட்காரச் சொன்னால் எழுந்து ஓடிவிட வேண்டும். நாற்பது வருஷத்தில் நான் கண்டது அது. ஆனாலும் போனேன். போகாவிட்டால் ஏன் வரவில்லை என்று யாராவது யோசிப்பார்கள். மடியில் கனமிருந்தால் வழியில் பயம் என்பார்கள். எனக்கு வீட்டில் படுத்திருந்தாலும் பயம்.

முதல் பாகத்தின் கதை இதுதான். கிணற்றில் தள்ளிக் கொல்லப்பட்ட ஒருத்தி ஆவியாகத் திரும்பி வருகிறாள். தன்னைப் பார்த்துச் சிரித்தவர்களை ஒவ்வொருவராக உயரத்திலிருந்து தள்ளிக் கொல்கிறாள். ஆவியாக நடித்த கதாநாயகிக்கு நாற்காலி மேல் ஏறினாலே தலை சுற்றும். அதனால் பறக்கிற காட்சிக்கெல்லாம் ஒரு டூப். எலும்பும் தோலுமான பெண். காத்தாடி என்று கூப்பிடுவோம். அவள் கோபித்துக்கொள்ள மாட்டாள். "நூலை ஒழுங்காப் பிடிங்கண்ணே, அறுந்தா உங்க மண்டை மேலதான் விழுவேன்" என்பாள்.

அன்றைக்குக் காட்சிக்கு நடுவே டோப்பா முடி அவள் வாய்க்குள் போய்விட்டது. துப்பிவிட்டு, "சொந்த முடியையே துப்பத் தெரியாத பேய், இது எங்க போய் பழிவாங்க?" என்று விழுந்து விழுந்து சிரித்தாள். நாங்களும் சிரித்தோம். அடுத்த தடவை தூக்கியபோது இருபதடி உயரத்திலிருந்து விழுந்தாள். இடுப்பு நொறுங்கிவிட்டது. ஒரு கால் குட்டையாகிப் போனது.

கயிறு அறுந்திருக்கவில்லை. அவள் இடுப்புப் பட்டை கிழியவில்லை. கொக்கியும் மூடியபடி இருந்தது. எல்லோரும் கையில் எடுத்துப் பார்த்தார்கள். பிறகு எப்படி விழுந்தாள்? "பேயைப் பார்த்துச் சிரிச்சாளே!" என்று மேக்கப் போடுகிற அம்மா வாயைப் பொத்திக்கொண்டாள். என்னைக் கேட்டார்கள். கொக்கி மாட்டினவன் நான். "யாரோ தள்ளின மாதிரி இருந்துச்சு" என்றேன். அந்த ஒரு வார்த்தைதான். படம் வெளிவந்தபோது அதைச் சுவரெல்லாம் ஒட்டினார்கள். அதற்கப்புறம் பதினோரு வருஷம், எந்தக் கல்யாணத்தில் என்னைப் பார்த்தாலும் "ஆவி தள்ளினதைக் கண்ணால பார்த்தவர்" என்றுதான் அறிமுகம். நானும் தலையை ஆட்டிவிட்டுச் சாப்பிட உட்காருவேன்.

படப்பிடிப்புக் கொட்டகையில் அதே கிணற்றை மறுபடி கட்டியிருந்தார்கள். தெர்மாகோல் கல், மேலே பாசிக்குப் பச்சைச் சாயம். கிணற்றுக்கு மேலே வெள்ளை உடுப்பு போட்ட ஒரு பேய்ப் பொம்மை. எதிரே எனக்கு நாற்காலி. பக்கத்தில் இன்னொன்று காலியாக இருந்தது. அது யாருக்கு என்று நான் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அப்போதே கிளம்பியிருப்பேன்.

காத்தாடி கைத்தடி ஊன்றி வந்தாள். ஒவ்வொரு அடிக்கும் உடம்பு இடப்பக்கம் சாய்ந்து நிமிர்ந்தது. கூட அவள் அண்ணி. இவளுக்கென்று ஒரு தம்ளரைத் துணிப்பையில் தனியாகக் கொண்டு வந்திருந்தாள். யூனிட் ஆள் தண்ணீர் நீட்டியபோது குறுக்கே கை விட்டு, "அவளுக்கு இதுல ஊத்துங்க. நம்ம தம்ளர்ல வேணாம்" என்றாள். அது சாதாரண விஷயம் போலச் சொன்னாள். காத்தாடியும் சாதாரணமாக வாங்கிக் குடித்தாள்.

என்னைப் பார்த்ததும் அவள் முகம் மலர்ந்தது. "அண்ணே! நல்லா இருக்கீங்களா?"

நான் ஏதோ முனகினேன்.

"என்னால உங்களுக்குக் கெட்ட பேரு வந்திருக்கும்ணே. கொக்கி மாட்டினவர்தானேன்னு நாலு பேரு பேசியிருப்பாங்க. நான் அன்னிக்குச் சிரிக்காம வாயை வச்சிக்கிட்டுச் சும்மா இருந்திருந்தா ஒண்ணும் ஆகியிருக்காது. மனசுல வச்சிக்காதீங்க."

என்னிடம் அவள் மன்னிப்புக் கேட்டாள். காதோரம் சுட்டது. ஆஸ்பத்திரிக்கு நான் ஒரே ஒரு தடவைதான் போனேன். அதுவும் வாசல்வரைக்கும்.

அண்ணி கணக்காக விளக்கினாள். இவள் விழுந்து, தங்கள் வீட்டோடு வந்த பிறகுதான் அண்ணன் பட்டறையில் கையைக் கொடுத்து இரண்டு விரல் போனதாம். தன் பெரிய மகளுக்கு மூன்று தடவை கல்யாணப் பேச்சு முறிந்ததாம். "சின்னவளைப் பொண்ணு பாக்க வந்தப்போ இவளைப் பின் ரூம்ல வச்சிப் பூட்டிட்டோம். அதனால அது கூடிச்சு. வேற என்ன செய்ய? இப்போ படத்துலயே வச்சி மன்னிப்புக் கேட்டுட்டா அது விட்ரும்ங்கறாங்க."

"எது விட்ரும்?" என்றேன்.

"அதுதான்" என்று பேய்ப் பொம்மையைக் கண்ணால் காட்டினாள். பெயரைச் சொல்லவும் பயம்.

விளம்பரக்காரி கையைத் தட்டினாள். "படம் தொடங்கும்போது முதல் காட்சியே நீங்கதான்க்கா. பொம்மை முன்னால முட்டி போட்டு, சிரிச்சது தப்புன்னு சொல்லுங்க. அப்புறம் பெரியவர் தான் பார்த்ததைச் சொல்லுவாரு. அழுகை வந்தா அடக்காதீங்க."

விளக்கைப் போட்டார்கள். காத்தாடி கைத்தடியை அண்ணியிடம் கொடுத்தாள். தெர்மாகோல் கிணற்றைப் பிடித்துக்கொண்டு குனிந்தாள். அந்த இடுப்பு மடங்கவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு குட்டைக் காலை ஒரு பக்கமாக நீட்டி, மற்ற முட்டியை இறக்கினாள். உதட்டுக்கு மேல் வியர்வை. பஞ்சடைத்த பொம்மையைப் பார்த்துக் கை கூப்பினாள்.

"நிறுத்துங்கடா!"

என் குரல்தான். எழுந்துவிட்டிருந்தேன்.

"தாயி, எழுந்திரு. உன்னை யாரும் தள்ளல. நான் பூட்டல."

விஷயத்தை அங்கேயே சொன்னேன். எங்கள் வேலையில் ஒரு கட்டுப்பாடு உண்டு. கொக்கியை மாட்டி, அதன் வாயைப் பூட்டுகிற மரையைத் திருகினவன் "பூட்டியாச்சு" என்று சத்தம் கொடுக்க வேண்டும். வேறொருவன் வந்து கொக்கியை இரண்டு தரம் இழுத்துப் பார்த்து "இழுத்தாச்சு" என்று சத்தம் கொடுக்க வேண்டும். செட்டுச் சுவருக்குப் பின்னால் நின்று கயிறு இழுக்கிற நாலு பேருக்கு அந்த இரண்டு சத்தம்தான் கண். ஒரே ஆள் இரண்டையும் சொல்லக் கூடாது. பெற்ற பிள்ளை கெஞ்சினாலும் கூடாது. அன்றைக்கு இழுத்துப் பார்க்க வேண்டிய குண்டன் டீ குடிக்கப் போயிருந்தான். டைரக்டர் கத்திக்கொண்டிருந்தார். நான் சிரித்துக்கொண்டே கொக்கியை மாட்டினேன். மரையைத் திருகவில்லை. இரண்டு சத்தத்தையும் நானே கொடுத்தேன்.

நான் முடித்ததும் விளம்பரக்காரி கேமராக்காரனிடம் கிசுகிசுத்தாள். "எடுத்துட்டியா? சூப்பர். சாபம் இப்போ இவரையும் பிடிச்சிருச்சுன்னு போட்டுக்கலாம்."

எதைச் சொன்னாலும் அதைப் பேயாக்கிக் காசாக்குகிற கூட்டம். இவர்களிடம் உண்மையைச் சொல்வதும் செவிடன் காதில் சங்கு ஊதுவதும் ஒன்றுதான்.

காத்தாடி மட்டும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். முட்டி இன்னும் தரையில் இருந்தது. நான் கை கொடுக்கப் போனேன். அவள் வாங்கவில்லை. கிணற்றைப் பிடித்துத் தானே எழுந்தாள், தெர்மாகோல் ஒரு துண்டு பெயர்ந்து வந்தது.

"வாங்க" என்றாள். "வீட்ல வந்து சொல்லுங்க."

"வீட்டுக்கெல்லாம் எதுக்கு?" என்று அண்ணி இழுத்தாள். "வயசானவரு, ஏதோ மனசு கேக்காம உளறுறாரு..."

"அவரு வரட்டும் அண்ணி."

ஆட்டோவில் மூவரும் போனோம். குறுகலான வீடு. முன்னறை, சமையலறை, அதற்குப் பின்னால் ஒரு கட்டில் மட்டும் கொள்கிற அறை. அந்த அறைக்குத் தாழ்ப்பாள் வெளியில் இருந்தது. காத்தாடியின் அண்ணன் பட்டறையிலிருந்து சாப்பிட வந்திருந்தார். லேத்தில் வேலை செய்கிறவர். விரல் போன கையால் தட்டை நகர்த்திவிட்டு நான் சொன்னதைக் கேட்டார். குண்டன் டீ குடிக்கப் போனதை இரண்டு தரம் சொன்னேன். டைரக்டர் கத்தினதையும் சொன்னேன்.

அவர் இரும்போடு பழகினவர். ஒன்றே ஒன்றுதான் கேட்டார்.

"மரை திருகலேன்னா கொக்கி திறந்துல்ல கிடக்கணும்? மூடியிருந்துச்சுன்னு எல்லாரும் பார்த்தாங்களே, எப்படி?"

கொட்டகையில் இதை நான் சொல்லவில்லை. என் பெண்டாட்டி செத்துப்போகிறவரைக்கும் அவளிடமும் சொன்னதில்லை.

"கயிறு என் காலடியில வந்து விழுந்துச்சு" என்றேன். "வாய் பொளந்து கிடந்துச்சு கொக்கி. எல்லாரும் அவகிட்ட ஓடினாங்க. நான் மரையைத் திருகி மூடிட்டு, அப்புறமாப் போனேன்."

அண்ணி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

காத்தாடி சுவரில் சாய்ந்து நின்றிருந்தாள். "நான் அப்போ உங்களைத்தான் கூப்பிட்டுக்கிட்டிருந்தேன்" என்றாள். "அண்ணே, அண்ணேன்னு. கேட்டுச்சா?"

பொய் சொல்ல அப்போதும் வழி இருந்தது. அந்தச் சந்தடியில் கேட்கவில்லை என்று சொன்னால் நம்புவாள்.

"கேட்டுச்சு" என்றேன்.

அவள் தலையை மட்டும் ஆட்டினாள். அவள் அண்ணன் எழுந்து வந்து என்னை அடிப்பார் என்று எதிர்பார்த்தேன். அடித்திருந்தால் கொஞ்சம் இலகுவாக இருந்திருக்கும். அவரோ பின்னறைத் தாழ்ப்பாளையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "எங்களுக்கு என்னய்யா தெரியும்?" என்றார். என் பக்கம் திரும்பவில்லை. "அத்தனை பேரும் சொன்னாங்க. நீயும் சொன்னே. நாங்க அவளை... எங்களுக்கு என்ன தெரியும்?" பிறகு வாயைத் துடைத்துக்கொண்டு கொல்லைப்பக்கம் போய்விட்டார். தட்டில் சோறு அப்படியே இருந்தது.

நானும் கிளம்பலாம் என்று வாசலைப் பார்த்தேன்.

"உக்காருங்க" என்றாள் காத்தாடி. "சின்னவ வேலை முடிஞ்சு வர்ற நேரம். புருஷன் வீட்டுக்குப் போறவ, அவளுக்குத் தெரியணும். அவகிட்டயும் சொல்லுங்க."

"நீயே சொல்லிடேம்மா" என்றேன். வெட்கமில்லாமல் கெஞ்சினேன்.

"நான் சொன்னா நம்புவாளா? நீங்க சொன்னதைத்தானே இத்தனை வருஷமா நம்புறாங்க."

அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். எனக்குத் தண்ணீர்கூட யாரும் தரவில்லை. சின்னவள் தோள்பையோடு உள்ளே வந்து, அழுதுகொண்டிருந்த அம்மாவைப் பார்த்தாள், அத்தையைப் பார்த்தாள். "யாரு அத்தை இவரு?" என்றாள்.

"சொல்லுங்க" என்றாள் காத்தாடி. "டீ குடிக்கப் போனவன் கதையெல்லாம் வேணாம். நீங்க செஞ்சதை மட்டும் சொல்லுங்க."

முட்டியைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றேன். அந்தப் பெண்ணுக்கு என் பேத்தி வயசுதான் இருக்கும். செருப்பைக் கழற்றாமல் என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். கொக்கியை மூடினதிலிருந்து ஆரம்பித்தேன்.