மூன்று கரண்டி அன்னாசிச் சட்னி

ஐந்து நாளாக சரண்யாவின் வயிற்றில் எதுவும் தங்கவில்லை. கஞ்சி, இளநீர், ரொட்டி, எல்லாம் போன வேகத்தில் திரும்பின. அவளுக்கு அன்னாசிப்பழம் மட்டும் வேண்டியிருந்தது. அந்த வீட்டில் மாசமாக இருக்கிறவள் முன்னால் அந்தப் பெயரையே எடுக்கக் கூடாது. மாமியார் முத்துலட்சுமி கோவில்பட்டியிலிருந்து தி.நகருக்கு வந்து முப்பது வருஷமாகியும், அன்னாசி கருவைக் கலைக்கும் என்பதில் அவருக்கு இம்மியும் சந்தேகமில்லை.

முத்துலட்சுமியின் மகள் சந்திரிகா உயிர்வேதியியல் படித்தவள். சாப்பிடுகிற அளவுக்கு அன்னாசி எந்தக் கருவையும் ஒன்றும் செய்யாது என்று அவளுக்குத் தெரியும். ஆனால் அம்மாவிடம் வாதாட அவளுக்கு என்றுமே வாய் வந்ததில்லை. அம்மா வடபழனி கோயிலுக்குப் போயிருந்த செவ்வாய்க்கிழமை, தெருமுனை வண்டியில் ஒரு பழம் வாங்கி, துப்பட்டாவில் மறைத்துக்கொண்டு வந்தாள்.

வாசனை நிற்காமலிருக்க ஜன்னல்களைத் திறந்து வைத்தாள். பழத்தின் கண்களை எடுத்துப் பொடியாக நறுக்கினாள். நல்லெண்ணெயில் கடுகு வெடித்ததும் மிளகாய் வற்றல், இஞ்சி, பெருங்காயம். பிறகு பழம், உப்பு, துளி வெல்லம். சாறு சுண்டி எண்ணெய் பிரியும்வரை கிளறினாள்.

சரண்யா தயிர்சாதத்துக்கு மூன்று கரண்டி தொட்டுக்கொண்டாள். கடைசியில் தட்டை வழித்து விரலைச் சப்பினாள்.

"மதினி, தட்டை விட்ருங்க. எங்கம்மா சீர்ல வந்தது" என்றாள் சந்திரிகா.

சரண்யா சிரித்துவிட்டாள். அவள் சிரித்துப் பல நாளாகியிருந்தது. அன்று அவள் வாந்தி எடுக்கவில்லை.

அதிலிருந்து ஒன்பதாம் நாள் உதிரம் போக ஆரம்பித்தது. கரு வளர்ச்சி இரண்டு வாரத்துக்கு முன்பே நின்றுவிட்டதாக ஸ்கேன் பார்த்த டாக்டர் சொன்னார். குரோமோசோம் கோளாறாக இருக்கலாம், யார் என்ன செய்திருந்தாலும் காப்பாற்றியிருக்க முடியாது என்றார். சந்திரிகா மனசுக்குள் நாள் கணக்குப் போட்டாள். தட்டை வழித்துச் சாப்பிட்டதற்கு முன்பே குழந்தை உயிரோடு இல்லை.

முத்துலட்சுமிக்கு டாக்டர் பேச்சு காதில் ஏறவில்லை. விசாரிக்க வந்தவர்களையெல்லாம் உட்காரவைத்துக்கொண்டு, மருமகளிடம் திரும்பத் திரும்பக் கேட்டார்.

"கரு சும்மாவா கலையும்? எனக்குத் தெரியாம என்னத்தத் தின்ன?"

ஒன்றுமில்லை அத்தை என்றே சரண்யா ஒவ்வொரு முறையும் சொன்னாள். சந்திரிகாவின் பக்கம் பார்க்கக்கூட மாட்டாள். ஒரு வாரம் இப்படிப் போயிற்று.

ஒரு நாள் மத்தியானம், அறையில் இருவரும் தனியாக இருந்தபோது சரண்யா கேட்டாள்.

"நிஜமாவே அதுனால இல்லல்ல?"

"இல்ல மதினி. டாக்டர் சொன்னாங்கல்ல. நீங்க சாப்பிடும்போதே..."

"அப்ப அத்தைகிட்ட ஏன் சொல்ல மாட்டேங்கிற?"

அதில் கோபம் இல்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.

சந்திரிகா எழுந்து கூடத்துக்குப் போனாள். அம்மா யாரிடமோ போனில் பேசிக்கொண்டிருந்தார். அவர் பேசி முடிக்கும்வரை நின்றாள். டாக்டர் சொன்னது, நாள் கணக்கு, கொதித்த பழத்தில் கருவைத் தொடுகிற எதுவும் மிஞ்சாது என்பது, எல்லாவற்றையும் வரிசையாக எடுத்துச் சொல்லத்தான் வந்திருந்தாள். வாயிலிருந்து வந்தது வேறு.

"அன்னாசிச் சட்னி பண்ணி நான்தாம்மா குடுத்தேன். மாங்கான்னு சொல்லிக் குடுத்தேன். மதினிக்குத் தெரியாது."

முத்துலட்சுமி மகளையே பார்த்துக்கொண்டிருந்தார். திட்டவில்லை.

"அந்தப் பிள்ளையப் போட்டு இந்தப் பாடு படுத்திட்டேனே" என்று எழுந்து மருமகளின் அறைக்குப் போனார். கதவு சாத்திக்கொண்டது.

சந்திரிகா கதவுக்கு வெளியே நின்றாள். இல்லை அத்தை, தெரிந்துதான் சாப்பிட்டேன், அதனால் ஒன்றுமில்லை என்று மதினி இப்போது சொல்வாள் என்று காத்திருந்தாள். உள்ளே இரண்டு பேர் அழுகிற சத்தம் மட்டும் கேட்டது.