கயிற்றின் கீழ் நின்றவன்

மார்கிலான் சந்தையில் கழைக்கூத்தாடி எர்காஷ் கயிற்றில் ஏறினால் முலாம்பழம் விற்கிறவன்கூடக் கத்தியைக் கீழே வைத்துவிடுவான். மெதுவாக நடப்பதுதான் அவனுடைய வித்தையே. ஓர் அடி வைப்பான். அடுத்த அடிக்கு ஊரையே மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருக்க வைப்பான்.

கீழே அவன் தம்பி நொர்மத், முகத்தில் மாவைப் பூசிக்கொண்டு, விழுந்து புரண்டு சிரிப்பு மூட்டுவான். அண்ணன் கயிற்றில் ஏறிவிட்டால் வாயை மூடிக்கொள்ள வேண்டும். கயிற்றில் ஆள் இருக்கும்போது யாரும் சிரிக்கக் கூடாது என்பது தொழிலின் சட்டம். பெண்டாட்டி பார்க்கக் கூடாது, பார்த்தால் கயிறு தளரும் என்பது இன்னொரு சட்டம். அதனால் ஊரே பார்த்த புருஷனை ஹோசியத் மட்டும் கயிற்றின் மேல் ஒருநாளும் பார்த்ததில்லை.

தாஷ்கண்டிலிருந்து செய்திப்படம் எடுக்க இரண்டு பேர் வந்தார்கள். "கோமாளி தள்ளி நில்லு, படம் கெட்டுப்போகும்" என்றார்கள். நொர்மத்துக்கு வயிறெரிந்தது. இருந்தாலும் தள்ளி நின்றான். எர்காஷ் கயிற்றில் நடக்க, படச்சுருள் பற்றாதென்று படக்காரன் பெட்டியின் கைப்பிடியை மெதுவாகச் சுற்றினான். அப்படிச் சுற்றினால் திரையில் ஆள் தலைதெறிக்க ஓடுவான் என்று சந்தையில் எவனுக்குத் தெரியும்?

அந்தக் குளிர்காலத்திலேயே எர்காஷ் காய்ச்சலில் போய்ச் சேர்ந்தான். கயிறு பாவம், அவனை ஒன்றும் செய்யவில்லை.

படம் ஊருக்கு வர இரண்டு வருடம் ஆயிற்று. நொர்மத் அண்ணி வீட்டுக்கு ஓடினான்.

"கிளம்புங்க அண்ணி. இனிமே நீங்க பாத்தா கயிறு ஒண்ணும் தளராது."

ஹோசியத் கல்யாணப் பட்டுடையை எடுத்து உடுத்திக்கொண்டு வந்தாள். நொர்மத் அவளைப் படக்கொட்டகையில் தன் பக்கத்தில் உட்கார வைத்தான்.

திரையில் எழுத்து வந்தது. ஒருவர் உரக்கப் படித்தார்: "சந்தையில் ஒரு வேடிக்கை." பெயரைக் காணோம். எர்காஷ் என்று எழுத எவ்வளவு மை செலவாகிவிடும்? பிறகு உயரத்தில், முலாம்பழ விதை அளவு முகத்தோடு ஓர் ஆள். இறைவனிடம் துஆ கேட்டு முகத்தில் தடவிய கைகள் ஈ ஓட்டுவதுபோல் பறந்தன. சூடு கண்ட பூனையாகக் கயிற்றில் அந்தக் கோடிக்கும் இந்தக் கோடிக்கும் ஓடினான்.

கொட்டகை வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. நொர்மத் காலமெல்லாம் விழுந்து புரண்டும் அப்படி ஒரு சிரிப்பைச் சம்பாதித்ததில்லை. அவனுக்கு முதலில் வந்தது பொறாமைதான். அதற்குப் பிறகுதான் அவமானம் வந்தது.

ஹோசியத் அவன் கையைத் தொட்டாள். "இது நீங்கதானே தம்பி? அவர் எப்ப வருவார்?"

திரையில் அதற்குள் ஏதோ ஆலைப் புகை வந்துவிட்டது.

"ஆமா அண்ணி, நான்தான்" என்றான் நொர்மத். "அண்ணன் நடந்த துண்டு அறுந்துபோச்சாம்."

அவள் அழவில்லை. வெளியே வந்து வாசலில் நின்றாள்.

"அது அவர் சட்டை. நான் பூத்தையல் போட்டுக் கொடுத்தது. அதையும் மாட்டிக்கிட்டு, அவர் கயித்துல ஏறிக் கூத்தடிச்சிருக்கீங்க. அண்ணன்னு ஒரு மரியாதை வேணாம்? இதை அவர் பாத்திருந்தா மனசு ஒடிஞ்சுபோயிருப்பார்."

"தப்புதான் அண்ணி" என்றான் நொர்மத்.

அதன் பிறகு அவள் வீட்டுக் கதவு அவனுக்குத் திறக்கவில்லை.