இருநூற்று ஐம்பத்துநான்கு மைல்

திருகோணமலை ஓர்ஸ் ஹில்லில் இருந்த அரசாங்க உணவுக் கந்தோரில் பிரதம லிகிதர் பாக்கியரத்தினம் கும்பிடாத குறையாக வைத்திருந்த பொருள் ஒரு பட்டியல். வெள்ளைக்காரன் காலத்தில் யாரோ எழுதி மட்டையில் ஒட்டியது. இடது கரையில் களஞ்சியங்கள் இரண்டு: முதலில் கந்தளாய், அதன் கீழே திருகோணமலைப் பட்டணம். ஆங்கில அகரவரிசை அப்படி. தலைப்பில் ஊர்கள் நான்கு, வடக்கிலிருந்து தெற்காக: திரியாய், அன்புவழிபுரம், தம்பலகாமம், கிண்ணியா.

கிழமைக்கு, ஏழு நாளுக்கும் சேர்த்து, பதினெட்டு லொறி பங்கீட்டரிசி போகவேண்டும். இடப்பக்க மேல் மூலையில் தொடங்கி நிரப்பிக்கொண்டு போவதுதான் முறை. கந்தளாயில் ஆறு லொறி அரிசி. அதில் நாலு திரியாய்க்கு, மிச்சம் இரண்டு அன்புவழிபுரத்துக்கு. கந்தளாய் தீர்ந்ததும் பட்டணத்துப் பன்னிரண்டில் கைவைத்து, அன்புவழிபுரத்தின் குறைக்கு நாலு, தம்பலகாமத்துக்கு மூன்று, கிண்ணியாவுக்கு ஐந்து. குழந்தைப்பிள்ளையும் செய்யலாம். ஆனால் பாக்கியரத்தினம் அதைப் பத்தொன்பது வருடமாக மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டுதான் செய்தார்.

எழுபத்துநாலாம் ஆண்டு ஒரு திங்கட்கிழமை மேலிடத்திலிருந்து கடிதம் வந்தது. டீசல் தட்டுப்பாடு. இனிக் கிழமைக்கு இருநூற்று அறுபது மைலுக்குரிய டீசல்தான் கிடைக்கும். சுமையோடு போகும் வழியை மட்டும் எண்ணிக்கொண்டால் போதும், வெறுமையாகத் திரும்புவதற்கு வேறாகத் தருவார்கள். பட்டியல்படி ஓடினால் முந்நூற்று அறுபத்தைந்து மைல். அடங்காவிட்டால் ஏதாவது ஊருக்கு மூன்று மாதம் அரிசியை நிறுத்துக. எந்த ஊர் என்பதை வெள்ளிக்கிழமைக்குள் பிரதம லிகிதர் அறிவிக்க.

பாக்கியரத்தினம் கணக்குப் போட்டார். திரியாய் ஒன்றை வெட்டினால் போதும், அடங்கிவிடும். திரியாயை வெட்டாமல் விடுவதானால் கிண்ணியா, தம்பலகாமம் இரண்டையும் வெட்டவேண்டும். வேறு வழி இல்லை.

திரியாயில் அவருடைய ஒரே மகள் கமலாதேவி இருந்தாள். அங்கே பள்ளிக்கூடத்தில் படிப்பித்தாள். மருமகனுக்கு வயல், அந்த வருடம் மழை பொய்த்து வயலும் இல்லை. பிள்ளைகள் இரண்டு. பங்கீட்டரிசிதான் அந்த வீட்டின் உலை.

மனிதர் இருதலைக்கொள்ளி எறும்பானார். மகளின் ஊரைக் காப்பாற்றினால், இரண்டு ஊரைப் பட்டினி போட்டு மகளுக்குப் படியளந்தான் என்று பேச்சு வரும். ஊர்வாயை மூட உலைமூடி ஏது. மகளின் ஊரை வெட்டினால் பேச்சு வராது. பேரப்பிள்ளைகள் மரவள்ளிக்கிழங்கு தின்னும். அதுவும் கிடைத்தால்.

இவருக்கு எதிர்மேசையில் இருந்தவள் பரீதா. கிண்ணியாப் பெண். பேராதனையில் கணிதம் படித்துப் பட்டம் பெற்று, ஆறு மாதத்துக்கு முன் பயிலுநராக வந்தவள். பட்டணத்தில் மாமி வீட்டில் தங்கி, வெள்ளி பின்னேரம் ஊருக்குப் போய்த் திங்கள் காலை திரும்புவாள். கடிதத்தை அவளும் வாசித்தாள். அன்று முழுக்க இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. அவர் நினைத்தது: இந்தப் பிள்ளை தன் ஊருக்காக என்னை உளவு பார்க்கும். அவள் என்ன நினைத்தாள் என்பது வெள்ளிக்கிழமைதான் தெரிந்தது.

செவ்வாய் காலை அவள்தான் வாயைத் திறந்தாள்.

"ஐயா, ஒண்டு கேக்கலாமா? நேத்து பஸ்ஸில வரக்குள்ள சீனக்குடாச் சந்தியில, ஜெமீல்ட தேத்தண்ணிக் கடையடியில நம்மட லொறி ரெண்டு நிண்டிச்சு. ஒண்டு கந்தளாயில இருந்து திரியாய்க்குப் போறது. மத்தது டவுன்ல இருந்து தம்பலகாமத்துக்கு. ரெண்டிலயும் அரிசிதான்."

"ஓம், ஒவ்வொரு திங்களும் அதில நிண்டு தேத்தண்ணி குடிக்கிறவங்கள். அதுக்கென்ன?"

"ரெண்டும் ஒரே அரிசி ஐயா. வடக்க போற அரிசியும் தெற்க போற அரிசியும் நேருக்கு நேர் சந்திச்சு, ஸலாம் சொல்லிட்டுப் போகுது."

பாக்கியரத்தினம் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பத்தொன்பது வருடமாகத் தலையைச் சுற்றி மூக்கைத் தொட்டிருக்கிறோம் என்பது ஒரு மனிதனுக்கு ஒரே மிடறில் இறங்குகிற மருந்து அல்ல.

அவள் ஒரு தாளில் எட்டுக் கட்டங்கள் கீறினாள். இரண்டு வரிசை, வரிசைக்கு நாலு. ஒவ்வொரு கட்டத்தின் மூலையிலும் மைல். பிறகு அவருடைய நெருப்புப்பெட்டியைக் கேட்டு வாங்கிப் பதினெட்டுக் குச்சிகளை எண்ணி எடுத்தாள். குச்சி ஒன்று லொறி ஒன்று. முதலில் அவருடைய பட்டியல்படியே அடுக்கினாள்.

"நீங்க செய்யிற முறைக்குப் புத்தகத்தில பேர் இருக்கு, ஐயா. வடமேற்கு மூலை முறை."

"புத்தகத்திலயோ?" பாக்கியரத்தினம் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"ஓம். ஆனா அது கணக்கைத் தொடங்கிறதுக்கு மட்டுந்தான். அதோட முடிக்கப்படாதெண்டும் போட்டிருக்கு."

நிமிர்ந்த முதுகு பழையபடி கதிரையில் சாய்ந்தது.

அவள் குச்சிகளை நகர்த்தத் தொடங்கினாள். திரியாய்க்குக் கந்தளாயிலிருந்து ஐம்பத்தொரு மைல், பட்டணத்திலிருந்து இருபத்தெட்டு. ஒரு குச்சியைப் பட்டணத்து வரிசைக்கு இறக்கினால், பட்டணத்தில் ஒரு லொறி குறையும். ஆகவே தம்பலகாமத்துக்குப் பட்டணம் கொடுத்த ஒன்றைக் கந்தளாய்க்கு ஏற்றவேண்டும்; அந்த வழியும் ஐந்து மைல் குறைவு. நாலு மூலையிலும் கூட்டிக் கழித்துப் பார்த்தால் ஒரே நகர்த்தலில் இருபத்தெட்டு மைல் மிச்சம். அப்படியே ஒன்றொன்றாக நகர்த்தினாள். மத்தியானச் சாப்பாட்டுக்கு மணியடித்தபோது திரியாயும் அன்புவழிபுரமும் முழுக்கப் பட்டணத்து அரிசி. தம்பலகாமத்துக்குக் கந்தளாய் மூன்று. கிண்ணியாவுக்குக் கந்தளாய் மூன்று, பட்டணம் இரண்டு. மொத்தம் இருநூற்று முப்பத்திரண்டு மைல்.

ஒரு ஊரையும் வெட்டத் தேவையில்லை. பாக்கியரத்தினம் அன்று சோற்றுப் பார்சலை வழித்துச் சாப்பிட்டார்.

அந்தச் சந்தோசத்துக்கு ஆயுள் ஒரு நாள். புதன்கிழமை அவர் தாளைக் கொண்டுபோய் லொறிக்காரர்களில் மூத்தவரான ஆதம்பாவாவிடம் பெருமையாகக் காட்டினார். ஆதம்பாவா தாளைத் தூரத்தில் பிடித்துப் பார்த்துவிட்டுப் பரீதாவிடம் கேட்டார்.

"நல்ல கணக்கு, தங்கச்சி. பாதையில எரியிற டீசலை எந்தக் கட்டத்தில போட்டிருக்கீங்க?"

பட்டணத்திலிருந்து கிண்ணியாவுக்குப் போக இடையில் துறை ஒன்று உண்டு. வாகனங்களை ஏற்றிக் கடக்கும் தட்டையான தெப்பத்தை அங்கே பாதை என்பார்கள். கிண்ணியா மக்கள் அதை ஒரு தூரமாகவே எண்ணுவதில்லை. துறையைத் தாண்டினால் டவுன், அவ்வளவுதான் கதை. பரீதாவும் பிறந்தது முதல் அதில் போய் வருகிறவள். நடந்து வருகிறவர்களை முதலில் ஏற்றிவிடுவார்கள் என்பதால் காத்திருந்த பழக்கமும் இல்லை. அதனால் அந்தக் கட்டத்தில் பன்னிரண்டு மைல் என்று மட்டும் போட்டிருந்தாள்.

"கரையில மூணு நாலு மணித்தியாலம் நிக்கிற, தங்கச்சி. எஞ்சினை நிப்பாட்ட ஏலா. பற்றரி எல்லாம் செத்துப் போச்சு, புதுசு வாறதுமில்ல. நிப்பாட்டினா தள்ளித்தான் ஸ்டார்ட் எடுக்கணும். அரிசி ஏத்தின லொறியை மணல்ல ஆரு தள்ளுற? அதால ஓட விட்டுத்தான் வெச்சிருப்பம்."

பாக்கியரத்தினத்துக்குச் சுரீர் என்றது. கிண்ணியா லொறிகள் கணக்குக்கு மேல் டீசல் குடிப்பதை அவர் நெடுநாளாகக் கவனித்து, ஆதம்பாவா விற்கிறான் என்று மனதுக்குள் தீர்ப்பு எழுதி வைத்திருந்தவர். ஒரு நாளாவது வந்து கேட்டிருக்கலாம்.

வியாழக்கிழமை மூவரும் துறைக்குப் போனார்கள். ஆதம்பாவா டாங்கிக்குள் குச்சியை விட்டு அளந்தார். வெயிலில் மூன்றரை மணித்தியாலம் லொறி நின்ற இடத்திலேயே உறுமிக்கொண்டிருந்தது. மறுபடி அளந்தார். பதினைந்து மைல் ஓடினால் எவ்வளவு எரியுமோ அவ்வளவு எரிந்திருந்தது.

பாக்கியரத்தினம் அங்கேயே கூட்டினார். பாதையால் போகும் லொறி இரண்டு, முப்பது மைல். இருநூற்று முப்பத்திரண்டோடு முப்பது, இருநூற்று அறுபத்திரண்டு. இரண்டு மைல் கூடிவிட்டது. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்று சொல்ல நாக்கு நுனிவரை வந்தது. அந்தப் பிள்ளையின் முகத்தைப் பார்த்துவிட்டு விழுங்கிக்கொண்டார்.

பரீதா லொறியின் மட்கார்டில் தாளை விரித்துக் கிண்ணியாவின் பன்னிரண்டை வெட்டி இருபத்தேழு என்று எழுதினாள். "நெருப்புப்பெட்டி, ஐயா," என்று கையை நீட்டினாள். காற்றுக்குக் குச்சி பறக்காமல் ஆதம்பாவா இரண்டு கையாலும் அணை கட்டினார்.

"பாதையால போற ரெண்டையும் கந்தளாய்க்கு ஏத்துவம். கந்தளாயில இருந்து கிண்ணியாவுக்குத் தரைவழி, பதினெட்டு மைல். பதிலுக்குத் தம்பலகாமத்தில ரெண்டை டவுனுக்கு இறக்குவம்." அவள் உதடுகள் அசைந்தன. "ஒரு லொறிக்கு நாலு மைல் குறையுது. ரெண்டுக்கு எட்டு."

"இருநூற்றி ஐம்பத்துநாலு," என்றார் பாக்கியரத்தினம்.

"ஒரு லொறியும் பாதையில ஏறத் தேவையில்ல," என்றார் ஆதம்பாவா. "அல்லாஹ், என்ட முதுகுக்கு நல்லகாலம்."

"பிள்ளை, இதுக்கு மேல குறைக்க ஏலாதெண்டு சொல்லலாமோ? நாளைக்கு ஆரும் வந்து, உன்ர ஊருக்கும் என்ர மகளின்ர ஊருக்கும் சாதகமாச் செய்தம் எண்டு சொன்னால்?"

மகளைப் பற்றி அவர் கந்தோர் ஆட்களிடம் வாய்விட்டது அதுதான் முதல் தடவை. பரீதா அவரை நிமிர்ந்து பார்த்துவிட்டுத் தாளைக் காட்டினாள்.

"வெறும் கட்டம் மூண்டு இருக்கு, ஐயா. அதில எதுக்குள்ள ஒரு குச்சியை வெச்சாலும் மைல் கூடும். ஒண்டில இருபத்தெட்டு, ஒண்டில இருபத்தேழு, ஒண்டில நாலு. சந்தேகப்படுற ஆளுக்கிட்ட குச்சியைக் குடுங்க, அவரே வெச்சுப் பாக்கட்டும். இந்தக் கணக்குக்கு ஆர்ட மகள் எங்க இருக்கிறா எண்டு தெரியாது."

அவ்வளவு நாளும் கணக்கு என்றால் கண்டிப்பான வாத்தியார் என்று பயந்திருந்த பாக்கியரத்தினத்துக்கு, அந்த நிமிடம் அது ஒரு நல்ல சாட்சிக்காரனாகத் தெரிந்தது. நெஞ்சிலிருந்து ஒரு மூடை இறங்கிய மாதிரி மூச்சு வந்தது. திரும்பும் வழியில் ஜெமீலின் கடையில் மூன்று பேருக்கும் தேத்தண்ணியும் வடையும் அவரே வாங்கிக் கொடுத்தார். இது அவருடைய வரலாற்றில் இல்லாத சம்பவம்.

வெள்ளிக்கிழமை காலை அறிக்கை போனது: எந்த ஊரும் நிறுத்தப்படவில்லை. தட்டச்சுப் பிரதியை உறையில் போட்டு ஒட்டிவிட்டு, அவர் மேசை லாச்சியைத் திறந்து வேறொரு கடிதத்தை எடுத்துக் கிழிக்கப் போனார். அதற்குள் பரீதா கண்டுவிட்டாள். திங்கள் தேதியிட்ட கடிதம். நிறுத்தப்படும் ஊர்: திரியாய். கீழே அவருடைய கையெழுத்து.

அவள் எழுந்து அவர் மேசைக்கு வந்தாள். "நான் கிண்ணியா எண்டுதான் நினைச்சிருந்தன், ஐயா. இந்தக் கிழமை முழுக்க உங்களை மனசுக்குள்ள ஏசிட்டு இருந்தனான்."

பொய் சொல்லி நல்ல பெயர் வாங்க அது அருமையான சந்தர்ப்பம். பாக்கியரத்தினம் தலையைக் குனிந்துகொண்டார்.

"ஏசினது சரிதான், பிள்ளை. முதல்ல கிண்ணியாவும் தம்பலகாமமும் எண்டுதான் அடிச்சனான். கையெழுத்து வைக்கேக்கை நீ முன்னுக்கு இருந்தனீ. கை ஓடயில்லை. அதைக் கிழிச்சுப்போட்டுத்தான் இதை அடிச்சனான்."

அவள் கடிதத்தை அவர் கையிலிருந்து வாங்கி, நாலாக, எட்டாகக் கிழித்துக் கூடைக்குள் போட்டாள். பிறகு தன் மேசையிலிருந்த குச்சிகளை எண்ணி, பதினெட்டும் சரியாக இருக்கிறதா என்று பார்த்து, நெருப்புப்பெட்டியைத் திருப்பிக் கொடுத்தாள்.

வந்த ஞாயிறு விட்டு அடுத்த ஞாயிறு பாக்கியரத்தினம் திரியாய்க்குப் பஸ் ஏறினார். புதுக் கணக்கில் போன முதல் அரிசி அந்தக் கிழமை வந்து சேர்ந்திருந்தது. குசினியில் கமலாதேவி சோறு வடித்துக்கொண்டிருந்தாள். பிள்ளைகள் இரண்டும் சோற்றுக் கோப்பையை வைத்துக்கொண்டு காத்திருந்தன. அவருக்கு முதலில் போட்டு, மீன் குழம்பை ஊற்றிவிட்டு, அவள் சிரித்துக்கொண்டே கதை சொன்னாள்.

"இஞ்சை சனமெல்லாம் நல்லாப் பயந்துபோச்சுதுகள் அப்பா. டீசல் இல்லையாம், திரியாயை வெட்டப் போகினமாம் எண்டு ஒரே கதை. நான் ஒருத்திதான் பயப்பிடயில்லை. அப்பா அந்தக் கதிரையில இருக்குமட்டும் எங்களை வெட்ட விடமாட்டார், பேசாமல் போய்ப் படுங்கோ எண்டு எல்லாருக்கும் சொன்னனான்."

பாக்கியரத்தினத்தின் கை சோற்றில் நின்றது. கூடைக்குள் விழுந்த எட்டுத் துண்டுகளும் கண்ணுக்குள் வந்து போயின. கண் நிறைந்தது, குழம்பின் உறைப்பு என்று சால்வையால் துடைத்துக்கொண்டார். பேரன் தன் கோப்பையை முடித்துவிட்டு இன்னும் கேட்டான். கமலாதேவி பானையைச் சரித்து அள்ளிப் போட்டாள். பானையில் பிறகும் சோறு இருந்தது.

"எனக்கும் கொஞ்சம் போடு, பிள்ளை," என்றார் பாக்கியரத்தினம்.