வெட்டிப் போட்ட பேச்சு

அவள் ஆவணப்பட எடிட்டர். வீட்டில் பட்டப்பெயர் கத்திரி. அடுத்தவர் பேச்சை மாதக்கணக்கில் கேட்டுக் கேட்டு வெட்டுவதே பிழைப்பாகிவிட்டதால், முன்பின் பார்க்காதவர்கள்கூட அவளுக்கு நெருங்கிய உறவாகிவிடுவார்கள். "எவனோ ஒரு மீன்காரனுக்கு மூட்டுவலின்னு உனக்குத் தெரியும். எனக்குத் தலைவலின்னா, ஹெட்போனோட உக்காந்திருக்கற உனக்கு நான்தான் எழுதிக் காட்டணும்" என்பார் கணவர். பாவம், அதில் பொய் இல்லை.

ஆனால் தொழிலில் அவளுக்கு ஒரு வைராக்கியம் உண்டு. "இதை எடுத்துடுங்க" என்று ஒருவர் கேமரா முன் கேட்டுக்கொண்டால், அந்தப் பேச்சு அவள் அறை வாசலைத் தாண்டாது. அந்த நல்ல பேரை நம்பித்தான் வாய் திறக்கத் தயங்குகிறவர்களும் பேசினார்கள்.

இந்த முறை படம் ஒரு சலூனைப் பற்றியது. அண்ணன் தம்பி இருவருக்கும் பக்கத்துப் பக்கத்து நாற்காலி. அப்பாவின் பழைய நாற்காலியை அண்ணன் கேட்காமல் தூக்கிப் போட்ட நாளிலிருந்து பேச்சுவார்த்தை இல்லை. சீப்பு வேண்டுமென்றால்கூட, முகத்தில் நுரையோடு உட்கார்ந்திருக்கும் வாடிக்கையாளர்தான் தூது போக வேண்டும்.

படத்தின் முதல் திரையிடல் முடிந்து கூட்டம் கலையும்போது, "இவங்கதான் எடிட்டர்" என்று இயக்குநர் அண்ணன்காரரை அவள் முன் நிறுத்திவிட்டுப் போனார். அவளுக்கு அவர் புது ஆளா என்ன? நேரே தலையைப் பார்த்தாள். ஒரு காதோரம் ஏற்றம், மறு காதோரம் இறக்கம்.

"என்னண்ணா, முடி வெட்டிக்க இன்னும் வேற கடைதானா? நீங்க வந்து அவர் நாற்காலியில உக்காந்தா பழசையே பேச மாட்டேன்னு தம்பி சொல்றாரே, போக வேண்டியதுதானே?"

அவர் சிரிப்பு நின்றது. "படத்துல அப்படி எதுவும் வரலையேம்மா."

அவளுக்கு உயிரே போய்விட்டது. எது படத்தில் இருக்கிறது, எது வெட்டிப் போட்டது என்று வெட்டியவளுக்கே குழம்பிவிட்டது. சொன்ன கையோடு "இதை எடுத்துடுங்க" என்று தம்பி கெஞ்சியது இப்போதுதான் ஞாபகம் வந்தது. இத்தனை வருஷம் கட்டிக் காத்த பேர் ஒரே வாக்கியத்தில் போயிற்று.

"மன்னிச்சிடுங்கண்ணா. அது வெளிய வரக் கூடாத பேச்சு. நான் சொன்னேன்னு தம்பிக்குத் தெரிய வேண்டாம்."

கூடத்தின் மறுகோடியில் தம்பி முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். அண்ணன் காதோரத்தைத் தடவிக்கொண்டார்.

"சின்ன வயசுலேர்ந்து அவன்தான் எனக்கு வெட்டுவான். வேற கை ஒத்து வரலைன்னு நானும் சொன்னேன். அதையும் எடுக்கச் சொன்னேன், இல்ல?"

"ஆமாண்ணா. எடுத்துட்டேன்."

அவர் குரலைத் தாழ்த்தினார். "அவன்கிட்டயும் இதே மாதிரி கொஞ்சம் வாய் தவறிடுங்களேன்."

அவள் போனாள். முன்பின் தெரியாத ஆளிடம் போய் இவள் மறுபடி என்ன உளறுகிறாளோ என்று, வாசலில் காத்திருந்த கணவர் தலையில் அடித்துக்கொண்டார். அவள் சொல்லி முடித்ததும் தம்பி மெல்லத் திரும்பினார். முதலில் பார்த்தது அண்ணனின் முகத்தை அல்ல, காதோரத்தைத்தான்.