ட்ரொம்போன்காரருக்குப் பொன்னாடை

இரண்டாயிரத்து ஆறாம் ஆண்டு, லண்டன் வெம்பிளியில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில் தமிழ்ச் சங்க ஆண்டு விழா. முன்வரிசையில் உட்கார்ந்து அதை மனதாரத் திட்டிக்கொண்டிருந்தார் புவனேசன். மலேசியாவிலிருந்து படிக்க வந்து, குரோய்டனில் ஆடிட்டராகத் தங்கிவிட்டவர். ஜாஸ் என்றால் உயிர். சங்கத்துக்காரர்களுக்கு ஜாஸும் தெரியாது, ஒரு மண்ணும் தெரியாது என்பது அவருடைய அசையாத கருத்து.

மேடை ஓரத்தில் ட்ரொம்போன் என்னும் நீண்ட பித்தளை ஊதுகுழலை மடியில் வைத்தபடி இருந்தார் ஸ்டூரே எக்மார்க். சுவீடன்காரர், எழுபது தாண்டியவர். ஈப்போவில் பள்ளிப் பையனாக இருந்தபோதே அவருடைய இசைத்தட்டில் சொக்கிப்போனவர் புவனேசன். ஆனால் லண்டன் வந்த ஸ்டூரே நாடகக் கொட்டகைகளில், மேடைக்குக் கீழே பெயரில்லாமல் வாசித்தே காலம் தள்ளிவிட்டார். அவர் வாசிப்பை நேரில் கேட்கப் புவனேசனுக்குக் கொடுத்துவைக்கவில்லை. இன்றைக்கு விட்டால் இனி இல்லை. அடுத்த வாரம் கிழவருக்கு முன்பற்களை எடுக்கப்போகிறார்கள், பல் போனால் ஊதுவதும் போச்சு. கெஞ்சிக் கூத்தாடி அவருக்கு இந்த மேடையை வாங்கிக் கொடுத்தது புவனேசன்தான்.

ஆனால் கௌரவிக்காமல் ஒருவரை வாசிக்க விட்டுவிடுமா சங்கம்? தலைவர் கனகலிங்கம் பொன்னாடை போர்த்தினார். பொருளாளர் போட்ட மாலை ட்ரொம்போனின் இழுகுழாயில் சிக்கிக்கொண்டது. அதையும் படம் பிடித்தார்கள். பிறகு வாழ்த்துரைகள். இது நாதஸ்வரத்தின் தம்பிதான் என்று ஒரு வீட்டுத் தரகர் மூச்சுவிடாமல் நிரூபித்தார். அடுத்தவர் ஸ்டூரேயை சுவிட்சர்லாந்தின் தவப்புதல்வர் ஆக்கினார். புவனேசனுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆறு மணிக்கு மண்டபத்தைப் பூட்டிவிடுவார்கள். மேடையேறி, நேரமாகிறது, அவர் சுவீடன்காரர் என்று கனகலிங்கத்தின் காதைக் கடித்தார்.

"அப்ப நீங்களே சொல்லுங்கோவன்," என்று மைக்கைக் கையில் திணித்தார் கனகலிங்கம். "ரெண்டே நிமிஷம்."

சுவிட்சர்லாந்தைத் திருத்தத்தான் வாயைத் திறந்தார். மூட மனம் வரவில்லை. ஸ்டூரே மரம் அறுக்கும் ஊரில் பிறந்தது, சர்ச் பேண்டில் ஊதக் கற்றது, ஸ்டாக்ஹோமில் கிளப் கிளப்பாக வாசித்தது, எந்தத் தட்டில் எந்தப் பக்கம் எந்தப் பாட்டு என்பது வரை அவிழ்த்துவிட்டார். சபை கைதட்டியது. புவனேசன் இன்னும் நிமிர்ந்தார். இந்த ஞானசூனியங்களுக்கு நாம் சொல்லாவிட்டால் வேறு யார் சொல்வது? ஸ்டூரே இரண்டு தடவை எழுந்து ட்ரொம்போனை உதட்டுக்குக் கொண்டுபோனார். இரண்டு தடவையும் புவனேசன் திரும்பிப் பார்க்காமலே கையமர்த்தினார்.

மண்டபக் காவலாளி விளக்குகளை ஒவ்வொன்றாக அணைக்கத் தொடங்கினார்.

ஸ்டூரே ட்ரொம்போனைக் கழற்றிப் பெட்டியில் வைத்து மூடினார். "என்னைப் பற்றி நிறையத் தெரிந்து வைத்திருக்கிறீர்கள்," என்று ஆங்கிலத்தில் சொல்லிக் கைகுலுக்கினார். புவனேசன் கார் பார்க்கிலாவது ஒரே ஒரு பாட்டு என்று பின்னாலேயே ஓடினார். குளிரில் உதடு சொன்னபடி கேட்காது என்று தலையசைத்துவிட்டுக் கிழவர் ஸ்டேஷன் பக்கம் நடந்தார். புவனேசனுக்கு அழுகை முட்டியது.

கனகலிங்கம் வந்து தோளில் தட்டினார். "உங்கட பேச்சுத்தான் இண்டைக்குத் திறம். அடுத்த வருசமும் நீங்கள்தான் பேசவேணும்."

மாட்டேன் என்று சொல்லத்தான் புவனேசன் திரும்பினார்.

"தேதியை மட்டும் முன்னாடியே சொல்லிடுங்க," என்றார்.