ஓபராக்காரி மெதுவாகப் பேசிய கதை

1

இது என் அக்காவின் கதை. அவளிடம் கேட்டுவிட்டுத்தான் எடுத்துக்கொண்டேன். இருபத்திரண்டு வருடம் ஓபரா மேடையில், மைக் இல்லாமலே கடைசி வரிசைவரை கேட்கும்படி பாடி நடித்தவள், ஒருநாள் சினிமாவில் நடிக்கக் கிளம்பிவிட்டாள்.

நான் எழுதிய முதல் தொடக்கம்: ‘அவள் குரல் உடைந்த அன்று மழை…’

படித்ததும் அக்கா தாளைப் பிடுங்கினாள். “யாருக்குடா குரல் உடைஞ்சுது? நல்லா பாடிக்கிட்டு இருக்கும்போதே வந்தேன்னு எழுது.”

(எழுதிவிட்டேன். மழையும் இல்லையாம்.)

2

ஏன் வந்தாள்? மேடையில் அவள் முப்பது தடவைக்கு மேல் செத்திருக்கிறாள். ஒவ்வொரு தடவையும் நெஞ்சில் கத்தியோடு பத்து நிமிடம் பாடிவிட்டு. “ஒரு தடவையாவது பக்கத்துல இருக்கறவனுக்கு மட்டும் கேக்கற மாதிரி பேசணும்டா” என்றாள்.

ஓபரா அரங்க மேலாளர், “போனா கதாநாயகி வேஷம் வேற ஆளுக்குத்தான்” என்றார்.

போனாள். வீம்பு என்றுதான் நான் நினைத்தேன்.

3

படத்தில் அவள் தபால் நிலைய ஊழியை. முதல் நாள் ஒரே வசனம், கணவனிடம்: “நான் கிளம்பறேன்.”

சொன்னாள். ஒலிப்பதிவாளர் ஹெட்போனைக் கழற்றிக் காதைத் தேய்த்துக்கொண்டார்.

“மேடம், மைக் உங்க தலைக்கு மேலதான் இருக்கு” என்றார் இயக்குநர்.

பதினான்கு டேக். ஒவ்வொன்றிலும் அவள் கைகள் மேடையில் போலத் தாமாக விரிந்தன. “நாளைக்கும் சரியா வரலேன்னா வேற ஆளைத்தான் பாக்கணும்” என்று சொல்லி அனுப்பினார் இயக்குநர்.

[இங்கே ‘அக்கா அழுதாள்’ என்று எழுதி அடித்திருக்கிறேன். அழவில்லை.]

4

வீட்டுக்கு வந்ததும் சமையலறையில் என்னை எதிரே உட்காரவைத்தாள். கைகளைத் தொடைக்கடியில் செருகிக்கொண்டு, “நான் கிளம்பறேன்” என்றாள்.

“பக்கத்து வீட்டுக்காரங்க வழியனுப்ப வந்துடுவாங்க” என்றேன்.

சிரிக்கவில்லை. மறுபடி சொன்னாள். மறுபடி. ஒருகட்டத்தில் ஃபிரிட்ஜின் இரைச்சல் அவள் குரலை முந்தியது. இவள் நிஜமாகவே என்னை விட்டுப் போகப்போகிறாள் என்று நம்பி, “எங்க?” என்று கேட்டுவிட்டேன். வீம்பு இல்லை என்று அப்போதுதான் புரிந்தது.

மறுநாள் இரண்டாவது டேக்கிலேயே ஓகே.

5

அன்று மாலை மேலாளர் போன் செய்தார். புதிதாகப் போட்டவளால் முடியவில்லை, உடனே திரும்பி வா என்றார்.

இங்கே இரண்டு முடிவுகள் வைத்திருந்தேன். ஒன்றில் அக்கா மேடைக்குத் திரும்பி, கைதட்டலில்… இன்னொன்றில் விருது. இரண்டையும் அவளே அடித்துவிட்டாள். “நடந்ததை எழுதுடா, போதும்.”

நடந்தது இதுதான். “வரலைங்க” என்றாள், தணிந்த குரலில்.

“என்னம்மா? கேக்கல! சத்தமா சொல்லு!” அவர் கத்தியது எனக்கே கேட்டது.

அக்கா குரலை உயர்த்தவில்லை. அதே அளவில் இன்னொரு தடவை சொல்லிவிட்டுப் போனை வைத்தாள்.

படம் ஓடுமா, மேடை மறுபடி கூப்பிடுமா என்பதெல்லாம் இனி உங்கள் பாடு. அவளுக்குக் காலை ஆறு மணிக்கு மேக்கப். இன்னும் பதினேழு காட்சி பாக்கி இருக்கிறது.